றாலுக்கு வந்த வாழ்வு

எங்கள் தூத்துக்குடி வீட்டில் மீன்களுக்கு ஒரு வரிசை உண்டு. சம்பந்தி வீட்டார் வந்தால் சீலா. தாய்மாமா வந்தால் விளமீன். சும்மா எட்டிப் பார்க்க வந்த தூரத்துச் சொந்தத்துக்குப் பாறை. யாருமே வராத நாளில் றால். அறுபதுகளில் எங்கள் தெருவில் ஒரு வீட்டில் றால் குழம்பு மணந்தால், அந்த வீட்டில் இன்று கையில் காசில்லை என்று பக்கத்து வீட்டுக்குத் தெரிந்துவிடும். அதனால் அம்மா தெருப்பக்கத்து ஜன்னலைச் சாத்திவிட்டுத்தான் தாளிப்பாள்.

இன்று சென்னையில் என் மகள் வீட்டில் அதே றாலுக்காக வீட்டில் உள்ள விளக்கையெல்லாம் போடுகிறார்கள். படம் எடுக்க வெளிச்சம் வேண்டுமாம்.

சனிக்கிழமை இரவு என்றால் க்ரீமி சீஃபுட் பாஸ்தா. செய்பவர் மாப்பிள்ளை. அவருக்குக் கையாள் என் மகள். எனக்கு ஒரு நாற்காலி. "அத்தை, நீங்க ஒண்ணும் தொடக்கூடாது. இன்னைக்கு உங்களுக்கு லீவு" என்பார். கல்யாணமான நாள் முதல் யாராவது சொல்ல மாட்டார்களா என்று நான் காத்திருந்த வாக்கியம். ஆனால் லீவு விட்டவர், பூண்டு எங்கே, வடிதட்டு எங்கே, கத்தரிக்கோல் எங்கே என்று நிமிஷத்துக்கு ஒரு தரம் என்னைத்தான் கேட்கிறார். சொந்த அடுக்களையில் எது எங்கே இருக்கிறது என்று தெரியாமலே ஒரு மனிதர் சமையல்காரர் என்று பேர் வாங்க முடியும் என்பதை இந்த வயதில்தான் பார்க்கிறேன்.

அந்தக் காலத்தில் றால் வாசலைத் தேடி வந்தது. திரேஸ்புரம் கரையில் வள்ளம் ஒதுங்கியதும் மீன்காரம்மா ஓலைப்பெட்டியைத் தலையில் ஏற்றிக்கொண்டு எங்கள் தெருவுக்கு நடந்தே வந்துவிடுவாள். தராசு கிடையாது, கூறுதான். வாசலில் சாக்கை விரித்துக் கை கையாக அள்ளிக் கூறு வைப்பாள். எங்கள் பாட்டி, அதாவது ஆச்சி, படியில் உட்கார்ந்து ஒன்றை மட்டும் தூக்கிப் பார்த்து முகத்தைச் சுளிப்பாள். "ஏளா, நேத்து றாலக் கொண்டாந்து இன்னைக்கு வந்ததுன்னு சொல்லுதியே, தலை எப்படித் தொங்குது பாரு." "ஆச்சி, கண்ணத் தொறந்து பாருங்க, மீசை இன்னும் ஆடுது" என்பாள் மீன்காரம்மா. இருவரும் சண்டை போடுகிறார்கள் என்று புதிதாகப் பார்ப்பவர்கள் நினைப்பார்கள். கடைசியில் கூறுக்கு மேலே இரண்டு பொடிக் கணவாயைக் கொசுறாகப் போட்டுவிட்டு, ஆச்சியிடம் வெற்றிலை வாங்கி மென்றுகொண்டு அவள் போவாள். கொசுறாக வந்த அந்தக் கணவாய்தான் இப்போது 'காலமாரி' என்ற பெயரில் தனி விலையோடு தனிப் பொட்டலத்தில் வருகிறது.

றால் மலிவாகக் கிடந்தது எங்கள் ஊரில் மட்டுமல்ல. கேரளக் கரையில் பிடிபட்ட றாலைத் தென்னைக்கு உரமாகப் போட்ட காலமே உண்டு. காயவைத்தது பர்மாவுக்குப் போகும். மிச்சம் தென்னந்தோப்புக்குப் போகும். 1952-ல் இந்தியாவும் நார்வேயும் ஐக்கிய நாடுகள் சபையும் ஒப்பந்தம் போட்டு, அடுத்த ஆண்டு கொல்லம் பக்கத்தில் நீண்டகரையில் ஒரு திட்டத்தைத் தொடங்கின. இயந்திரப் படகு, ஐஸ் கட்டி, குளிர்பதனம் எல்லாம் வந்தன. மீனவரின் வாழ்க்கைத் தரத்தை உயர்த்துவதுதான் நோக்கம் என்று எழுதி வைத்தார்கள். முதலில் உயர்ந்தது றாலின் வாழ்க்கைத் தரம். கொச்சியிலிருந்து உறைந்த றால் அமெரிக்காவுக்குக் கப்பல் ஏறியது. இழுவைமடிப் படகுகள் நம் கரைக்கும் வந்தன. நான் தாவணி போட ஆரம்பித்த காலத்தில் பெரிய றால் எங்கள் வாசலுக்கு வருவது நின்றுபோனது. "பெருசெல்லாம் கம்பெனிக்குப் போயிருச்சு ஆச்சி" என்று மீன்காரம்மா பொடி றாலைக் கூறு வைத்தாள். அன்றுதான் ஆச்சி முதன்முதலாக றாலை மரியாதையாகப் பார்த்தாள். நம்மைவிட்டுப் போன பிறகுதானே எதற்கும் மதிப்பு.

இப்போது றால் திரும்பவும் வாசலுக்கு வருகிறது. செல்போனில் அழுத்தினால் போதும். தலை எடுத்தது, தோல் உரித்தது, வால் மட்டும் விட்டது, முதுகு நரம்பு நீக்கியது என்று வகை வகையாக எழுதியிருக்கிறது. ஜாதகத்தில்கூட இத்தனை விவரம் இருப்பதில்லை. ஒரே ஒரு விவரம்தான் கண்ணில் படாத இடத்தில் பொடி எழுத்தில் இருக்கும்: வனாமி. தென்னமெரிக்க, மத்திய அமெரிக்கப் பக்கத்துப் பசிபிக் கரையின் றால் அது. நம் நாட்டுப் பண்ணைகளில் வளர்க்க 2009-ல் அனுமதி கொடுத்தார்கள். ஆந்திரக் கரையோரக் குளங்களில் பெருகி, இன்று நாட்டின் பண்ணை றாலில் பெரும்பங்கு அதுதான். தூத்துக்குடிக்காரி நான், சென்னையில் உட்கார்ந்துகொண்டு, பசிபிக் கரையைப் பூர்வீகமாகக் கொண்டு, ஆந்திரத்துக் குளத்தில் தீவனம் தின்று வளர்ந்த ஒன்றை இத்தாலியச் சாப்பாட்டில் போட்டுத் தின்கிறேன். இதற்குக் கடல் உணவு என்று பெயர். கடலுக்கு இது தெரியுமா என்று கேட்டால் மாப்பிள்ளை சிரிக்கிறார்.

சிரிக்க முடியாதவர்களும் இருந்தார்கள். நாகப்பட்டினம் பக்கம் றால் பண்ணைகளின் உப்புநீர் நெல்வயலையும் குடிதண்ணீரையும் கெடுக்கிறது என்று சர்வோதயத் தலைவர் எஸ். ஜெகந்நாதன் உச்ச நீதிமன்றம் வரை போனார். கடலோர ஒழுங்குமுறை மண்டலத்துக்குள் இருக்கும் றால் பண்ணைகளை அகற்றும்படி 1996 டிசம்பரில் தீர்ப்பும் வாங்கினார். 2005-ல் கடலோர நீர்வாழ் உயிரின வளர்ப்புக்கென்று தனிச் சட்டமும் ஆணையமும் வந்தன. உரிமம் வந்தது, விதி வந்தது, பண்ணைகளும் தொடர்ந்தன. எங்கள் வீட்டுச் சனிக்கிழமை இரவுக்கு இவ்வளவு பின்கதை இருக்கிறது. தட்டில் வைக்கும்போது பார்ஸ்லி மட்டும்தான் தெரியும்.

கடல் றாலுக்கும் குளத்து றாலுக்கும் இன்னொரு வித்தியாசமும் உண்டு. நம் கிழக்குக் கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகளுக்குத் தடை. மீன் குஞ்சு பொரிக்கும் காலம். அந்த மாதங்களில் கரையோர வீடுகளில் கருவாடும் முட்டையும்தான். பாஸ்தா சமைக்கும் வீடுகளுக்கு அப்படி ஒரு தடை இருப்பதே தெரியாது. குளத்து றாலுக்கு ஏது தடைக்காலம்?

உரிக்கிற வேலை அன்று பெண் பிள்ளைகளுக்கு. கொல்லைப்புறத்தில் அக்காவும் நானும் உட்காருவோம். தலையைத் திருகு, காலோடு சேர்த்து ஓட்டைக் கழற்று, முதுகைக் கீறிக் கறுப்பு நரம்பை இழு. மறுநாள் பள்ளிக்கூடத்தில் பேனா பிடித்த கை மணக்கும். பக்கத்தில் இருப்பவள் தள்ளி உட்காருவாள். ஆனால் தலையை நாங்கள் எறிந்ததில்லை. அம்மா அதைக் கழுவி, வெங்காயத்தோடு வதக்கி, அம்மியில் தட்டி, சாறு இறுத்துக் குழம்பில் விடுவாள். றால் பத்துதான் இருக்கும். குழம்பில் நூறு றாலின் ருசி இருக்கும். வீட்டில் ஆள் அதிகம், றால் குறைவு என்ற கணக்கில் பிறந்த உபாயம் அது.

மாப்பிள்ளை பார்க்கிற வீடியோக்களில் வரும் பெரிய சமையல்காரர்களும் அதைத்தான் செய்கிறார்கள். தலையையும் ஓட்டையும் வெண்ணெயில் வதக்கி, கரண்டியால் நசுக்கி, சாறு இறுத்து, அதில்தான் சாஸே தொடங்குகிறது. ஆனால் நம் வீட்டுக்கு வரும் றாலுக்குத் தலை கிடையாது. அதனால் 'சீஃபுட் ஸ்டாக்' என்று ஒரு கட்டி தனியாக வாங்குகிறார்கள். தலையைக் கழித்துக் கொடுப்பதற்கு ஒரு காசு, கழித்த தலையின் மணத்துக்கு ஒரு காசு. இந்த வியாபாரம் மீன்காரம்மாவுக்குத் தெரிந்திருந்தால் அவள் திரேஸ்புரத்தில் மாடி வீடு கட்டியிருப்பாள்.

பாஸ்தாவுக்கு வருவோம். பொட்டலத்தின் மேல் 'வெண்கல அச்சில் பிழிந்தது' என்று பெருமையாகப் போட்டிருக்கிறது. வெண்கல அச்சில் பிழிந்தால் மேல்பக்கம் சொரசொரப்பாக வரும், சாஸ் ஒட்டிக்கொள்ளும்; வழுவழுப்பான அச்சில் பிழிந்தால் வழுக்கிவிடும் என்று மகள் விளக்குகிறாள். உண்மைதான். எங்கள் வீட்டு இடியாப்ப உரலின் அச்சு பித்தளை. அதில் பிழிந்த இடியாப்பத்தில் தேங்காய்ப்பால் சொதி எப்படி ஊறும் என்று எனக்கும் தெரியும். யாரும் அதைப் பொட்டலத்தில் எழுதவில்லை, அவ்வளவுதான்.

இடியாப்பம் என்றால் முதல் நாளே வேலை தொடங்கிவிடும். அரிசியை ஊறப்போட்டு, நிழலில் உலர்த்தி, உரலில் இடித்து, சலித்து, வறுத்து வைக்க வேண்டும். விடிகாலையில் தண்ணீரைக் கொதிக்கவிட்டு மாவில் ஊற்றிக் கரண்டிக் காம்பால் கிளறி, கை பொறுக்கும் சூட்டில் பிசைந்து, சூடு ஆறுவதற்குள் பிழிய வேண்டும். மாவு இறுகிவிட்டால் அப்பாவைக் கூப்பிடுவார்கள். அவர் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வந்து, இரண்டு ஈடு பிழிந்துவிட்டு, தோளைத் தேய்த்துக்கொண்டே வெளியே போவார். அன்று முழுக்க வருகிறவர்களிடமெல்லாம், "இன்னைக்கு இடியாப்பம் நாந்தான்" என்பார். மாப்பிள்ளையைப் பார்க்கும்போது எனக்கு அப்பா ஞாபகம் வருவதுண்டு. ஆனால் மாப்பிள்ளை கடைசி ஈடு வரை நிற்கிறார். அதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

பாஸ்தாவில் இந்தப் பாடெல்லாம் இல்லை. உலர்ந்த பாஸ்தாவை டியூரம் என்ற கெட்டிக் கோதுமையின் ரவையில்தான் செய்ய வேண்டும் என்று இத்தாலியில் 1967-லேயே சட்டம் போட்டுவிட்டார்கள். அந்த ரவையின் புரதம் வலுவானது. அதனால் கொதிநீரில் கரையாமல் நிற்கிறது. இடித்தவர் யார், பிழிந்தவர் யார் என்று தெரியாது. நாம் செய்வது வேகவைப்பது மட்டும். இதற்கு நம் வீட்டில் 'ஃப்ரம் ஸ்க்ராட்ச்' என்று பெயர்.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. மாவில் பிழிந்த மக்கரோனி ஒரு காலத்தில் நம் பக்கத்துக்கு வந்தது நாகரிகமாக அல்ல, பஞ்ச நிவாரணமாக. ஐம்பதுகளில் அரிசிக்குத் தட்டுப்பாடு. மைசூரில் உள்ள மத்திய உணவுத் தொழில்நுட்ப ஆராய்ச்சி நிலையம், மரவள்ளி மாவையும் நிலக்கடலை மாவையும் கலந்து மக்கரோனி இயந்திரத்தில் பிழிந்து, அரிசி மணி அளவுக்கு நறுக்கி, சோற்றுக்கு மாற்றாகக் கொடுத்துப் பார்த்தது. சத்தில் குறைவில்லை. ஆனாலும் அரிசி தின்ற நாக்கு மசியவில்லை. கொடுத்தால் வேண்டாம் என்றவர்களின் பேரப்பிள்ளைகள் இன்று, "வீட்டுல இன்னைக்கும் சோறா?" என்று முகம் திருப்பிவிட்டு, மக்கரோனியைக் காசு கொடுத்து வாங்குகிறார்கள். அரசாங்கம் அன்று அதை மலிவு மாற்றாகக் கொடுத்துப் பார்த்தது. விலையை ஏற்றியிருந்தால் வேலை சுலபமாக முடிந்திருக்கும்.

வேகவைக்கிற தண்ணீருக்கும் இப்போது மரியாதை வந்துவிட்டது. நூறு கிராம் பாஸ்தாவுக்கு ஒரு லிட்டர் தண்ணீர், லிட்டருக்குப் பத்து கிராம் உப்பு என்று ஒரு வாய்ப்பாடு. மாப்பிள்ளை அதைத் தராசில் நிறுத்துப் போடுகிறார். போடுவது இளஞ்சிவப்பு உப்பு, பாகிஸ்தானில் கேவ்ராச் சுரங்கத்தில் வெட்டி எடுப்பது. நான் பிறந்த ஊரில் வெயில் காலம் வந்தால் உப்பளப் பாத்திகளில் வெள்ளை வெளேரென்று உப்பு விளைந்து மலை மலையாகக் குவிந்து கிடக்கும். குஜராத்துக்கு அடுத்தபடி நாட்டுக்கே உப்புப் போடுகிற பக்கம். அந்த உப்பு எங்கள் வீட்டுப் பாத்ரூமில் இருக்கிறது. வெந்நீரில் போட்டு நான் கால் ஊறவைக்க.

வெந்த தண்ணீரை முழுக்கக் கொட்டிவிடக்கூடாதாம். ஒரு கோப்பை எடுத்து வைக்க வேண்டுமாம். அதில் மாவுச்சத்து கரைந்திருக்கிறது. சாஸில் விட்டால் கொழுப்பையும் தண்ணீரையும் பிரியவிடாமல் சேர்த்துப் பிடிக்கும். மாப்பிள்ளை அதைத் தங்கம் என்கிறார். எங்கள் வீட்டில் அதற்கு வடிகஞ்சி என்று பெயர். உப்புப் போட்டுக் குடித்தது போக, மிச்சத்தில் அப்பாவின் வேட்டியும் அம்மாவின் நூல் சேலையும் விறைத்து நிற்கும். அதற்கும் மிஞ்சியது பக்கத்து வீட்டு மாட்டுக்கு. குக்கர் வந்தது, கஞ்சி போனது. குக்கரில் சோறு வைக்கப் பழகிய என் தலைமுறையின் பிள்ளைகள் இன்று பாஸ்தாவிலிருந்து கஞ்சியை மறுபடி கண்டுபிடித்திருக்கிறார்கள்.

இனி பால். அன்று சொதிக்குத் தேங்காய்ப்பால் மூன்று. மூன்றாம் பாலில் வெங்காயமும் பச்சை மிளகாயும் வேகும். இரண்டாம் பாலில் றால் வேகும். கெட்டியான முதல் பாலை அடுப்பை அணைக்கும் நேரத்தில் ஊற்றி, நுரை கட்டியதும் இறக்கிவிட வேண்டும். கொதித்தால் திரிந்துபோகும். எலுமிச்சம்பழம் கடைசியில், சட்டியை இறக்கி ஆறவிட்ட பிறகு. இதை யாரும் எனக்கு எழுதிக் கொடுக்கவில்லை. அம்மா கரண்டியைப் பிடித்திருந்த விதத்திலிருந்து நான் எடுத்துக்கொண்டேன்.

க்ரீமுக்கும் அதே குணம்தான். நம் கடைகளில் அட்டைப்பெட்டியில் வரும் அமுல் ஃப்ரெஷ் க்ரீமில் கொழுப்பு 25 சதவீதம். வெளிநாட்டு வீடியோக்களில் ஊற்றுவது 35-க்கு மேல் உள்ள கெட்டி க்ரீம். அது கொதியைத் தாங்கும். நம்முடையதில் எலுமிச்சையும் பிழிந்து, தீயையும் கூட்டி வைத்தால் பாலின் புரதம் திரண்டு திப்பி திப்பியாகிவிடும். ஒரு சனிக்கிழமை மாப்பிள்ளை க்ரீமைத் திறந்ததும் நான் நாற்காலியிலிருந்தே சொன்னேன்: "அடுப்ப அணைச்சிட்டு ஊத்துங்க மாப்பிள்ளை. எலுமிச்சை அப்புறம்." "ஒரு நிமிஷம் அத்தை" என்று செல்போனில் தேடினார். தாடி வைத்த ஒருவர் வந்து ஆங்கிலத்தில் ஏதோ சொன்னார். "அத்தை! நீங்க சொன்னதத்தான் இவரும் சொல்றாரு!" என்று மாப்பிள்ளை வியந்துபோனார். அந்தத் தாடிக்காரர் என் பேச்சுக்குச் சாட்சிக் கையெழுத்துப் போட்ட பிறகு அடுப்பு அணைந்தது.

றால் வேகிற பதம் மட்டும் தலைமுறை மாறினாலும் மாறவில்லை. "செவந்தா எறக்கு" என்பாள் அம்மா. றாலின் ஓட்டிலும் தசையிலும் அஸ்டாக்சாந்தின் என்ற சிவப்பு நிறமி ஏற்கெனவே இருக்கிறது. பச்சையாக இருக்கும்போது ஒரு புரதம் அதைக் கட்டிப் பிடித்து நிறத்தை மறைத்து வைத்திருக்கிறது. சூடு பட்டதும் பிடி விட்டுப்போக, சிவப்பு வெளியே வருகிறது. இரண்டு மூன்று நிமிஷத்து வேலை. கணவாய் இன்னும் ரோஷக்காரி. ஒன்று, சட்டென்று வதக்கி எடுத்துவிட வேண்டும். இல்லையென்றால் அரைமணி நேரத்துக்கு மேல் பொறுமையாக வேகவிட வேண்டும். நடுவில் எடுத்தால் ரப்பர்தான். அம்மாவுக்கு அஸ்டாக்சாந்தின் தெரியாது. மாப்பிள்ளைக்குத் தெரியும். றால் இருவருக்கும் ஒரே நேரத்தில்தான் சிவக்கிறது.

என் மகளுக்கு எல்லாமே 'ஆதென்டிக்' ஆக இருக்க வேண்டும். மிளகாய்த்தூள் கொஞ்சம் போடட்டுமா என்று கேட்டால், "அம்மா, அது ஆதென்டிக் இல்ல" என்பாள். நானும் சும்மா இருப்பதில்லை. உட்கார்ந்து படிக்க இப்போது நேரம் இருக்கிறதே. இந்த வெள்ளைச் சாஸ் பாஸ்தாக்களுக்கெல்லாம் முன்னோடி என்று சொல்லப்படும் ஆல்ஃபிரடோ பாஸ்தாவின் கதை ரோமில் தொடங்குகிறது. 1908 வாக்கில் ஆல்ஃபிரடோ டி லேலியோ என்ற உணவுக்கடைக்காரரின் மனைவிக்குப் பிள்ளை பிறந்தது. பிரசவத்துக்குப் பின் அவருக்குச் சாப்பாடு இறங்கவில்லை. புருஷன் வெண்ணெயும் பார்மிஜானோ சீஸும் மட்டும் போட்டுப் பாஸ்தா பிசைந்து கொடுத்தார் என்று அந்தக் குடும்பத்தில் சொல்வார்கள். அதாவது பிள்ளை பெற்றவளுக்கான பத்தியச் சாப்பாடு! எங்கள் பக்கத்தில் பால்சுறாப் புட்டு எப்படியோ, அவர்களுக்கு அது அப்படி. பிறகு ஹாலிவுட் நடிகர்கள் டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸும் மேரி பிக்ஃபோர்டும் ரோமுக்குப் போய்ச் சாப்பிட்டுவிட்டு, 1927-ல் ஆல்ஃபிரடோவுக்குத் தங்க முள்கரண்டியும் கரண்டியும் பரிசளித்தார்கள். க்ரீம் அதில் இல்லவே இல்லை. அமெரிக்கச் சமையலறைகளில் சேர்ந்தது அது. சுறாப்புட்டு செய்து கொடுத்த எங்கள் ஆச்சிமார்களில் யாருக்கும் யாரும் தங்கக் கரண்டி கொடுத்ததாக நான் கேள்விப்படவில்லை.

அடுத்தது சீஸ். மீனும் றாலும் போட்ட பாஸ்தாவில் சீஸ் துருவுவது இத்தாலியர்கள் பொதுவாக ஏற்காத காரியம். கடலின் மெல்லிய ருசியைச் சீஸ் அமுக்கிவிடும் என்பது அவர்கள் கட்சி. மட்டி போட்ட ஸ்பகெட்டிக்குச் சீஸ் கேட்டால் பரிமாறுகிறவர் முகம் மாறிவிடும். இதை நான் எடுத்துச் சொன்ன இரவில் மகள் துருவியை அந்தரத்தில் பிடித்தபடி நின்றாள். பிறகு, "பரவால்லம்மா, நமக்குப் பிடிச்சிருக்கு" என்று துருவினாள். அதே நியாயத்தில் நான் ஒரு சிட்டிகை மிளகாய்த்தூள் தூவிக்கொண்டேன். அன்றைய பாஸ்தா நன்றாக இருந்தது.

இனி பந்தி. அன்று சொதி இறங்கியதும் முதலில் அப்பா. பிறகு அண்ணன்மார். பிறகு நாங்கள். அம்மா கடைசி. அவள் உட்காரும்போது சொதியில் றால் இருக்காது. வெங்காயமும் இரண்டு பச்சை மிளகாயும் மிதக்கும். "எனக்கு றால் ஒத்துக்காதுட்டி" என்பாள். நாங்களும் நம்பினோம். அப்பா காலமான பிறகு, அண்ணன்மார் வேறு வேறு ஊருக்குப் போன பிறகு, அம்மா றாலை ருசித்துச் சாப்பிட்டதை நான் பார்த்திருக்கிறேன். நன்றாகவே ஒத்துக்கொண்டது.

இடியாப்பமும் சொதியும் அந்த வழக்கத்துக்கு ஒத்துழைத்தன என்றுதான் சொல்ல வேண்டும். சொதி ஆறினாலும் சொதிதான். இடியாப்பம் நாலு மணி நேரம் ஓலைத்தட்டில் கிடந்தாலும் கெட்டுப்போகாது. சமைத்தவள் கடைசியில் சாப்பிட்டாலும் பண்டம் அப்படியே இருக்கும். ஆகவே அவள் கடைசியில் சாப்பிட்டாள்.

க்ரீம் பாஸ்தாவுக்கு அந்தப் பொறுமை கிடையாது. அடுப்பிலிருந்து இறங்கிய நிமிஷத்திலிருந்து இறுகத் தொடங்கும். மாவுச்சத்து ஈரத்தை உறிஞ்சும், கொழுப்பு உறையும். கொஞ்ச நேரம் விட்டால் சாஸைக் காணோம், கட்டிதான் இருக்கும். திரும்பச் சூடாக்கினால் றால் விறைத்துக்கொள்ளும். அதனால் மாப்பிள்ளை சட்டியை இறக்கும்போதே, "எல்லாரும் உக்காருங்க, உக்காருங்க!" என்று சத்தம் போடுகிறார். எல்லாரும் என்றால் எல்லாரும்: பேத்தி, மகள், நான், சமைத்த அவரும். முதலில் ஆண்கள், பிறகு பெண்கள் என்று பிரிக்க அந்தச் சாஸ் இடம் கொடுப்பதில்லை. மேடையில் பேசியும் பத்திரிகையில் எழுதியும் எங்கள் வீட்டில் நடக்காத காரியத்தை ஒரு பொட்டலம் க்ரீம் நடத்தி வைத்துவிட்டது. அந்த ஒன்றுக்காக அதன் விலையை நான் மன்னித்திருக்கிறேன்.

மன்னிப்புக்கு ஒரு வரம்பு உண்டு. முதலில் படம் எடுக்க வேண்டும். மேலிருந்து ஒன்று, பக்கத்திலிருந்து ஒன்று, மாப்பிள்ளை ஏப்ரனோடு ஒன்று. உடனே சாப்பிட வேண்டிய பண்டம் அதற்குள் பாதி உறைந்துவிடும். படத்தில் அது உறைந்திருப்பது தெரியாது. மாப்பிள்ளையின் அலுவலகத்திலிருந்து கைதட்டல் பொம்மைகள் வரிசையாக வந்து விழும். அதே மேஜையில் ஞாயிற்றுக்கிழமை காலை நான் வைக்கும் இட்லிக்கும் சட்னிக்கும் இதுவரை ஒரு பொம்மையும் வந்ததில்லை.

பிறகு பாத்திரம். பாஸ்தா வேகவைத்தது ஒன்று, சாஸ் வைத்தது ஒன்று, கணவாய் வதக்கியது ஒன்று, வடிதட்டு, துருவி, ஆளுக்கொரு பெரிய தட்டு. க்ரீமும் சீஸும் ஒட்டிய பாத்திரம் லேசில் விடாது. சமைத்தவருக்குக் களைப்பு, படம் எடுத்தவருக்கும் களைப்பு. எல்லாம் தொட்டியில் ஊறும். ஒரு நாள் காலையில் வேலைக்கு வரும் அக்கா அடுக்களைக்குள் நுழைந்ததும் மூக்கைப் பிடித்துக்கொண்டு சட்டியை எட்டிப் பார்த்தார். ஒட்டியிருந்ததை விரலால் சுரண்டிப் பார்த்துவிட்டு என்னைக் கேட்டார்: "என்னம்மா இது, சேமியா பாயசத்துல எறாவப் போட்டுக்கினீங்களா?" க்ரீமி சீஃபுட் பாஸ்தாவுக்கு இதைவிடச் சரியான விளக்கத்தை எந்தச் சமையல் புத்தகத்திலும் நான் படித்ததில்லை. மகள் எழுந்து வந்ததும் சொன்னேன். அவளுக்குச் சிரிப்பு வரவில்லை.

ஆகவே, வீட்டில் இந்தப் பாஸ்தாவைச் செய்ய நினைப்பவர்களுக்கு என் தீர்ப்பைச் சொல்லிவிடுகிறேன். தாராளமாகச் செய்யுங்கள். தலையோடு றால் கிடைத்தால் வாங்குங்கள். உரித்த தலையை எறியாமல் வெண்ணெயில் வதக்கிச் சாறு எடுங்கள், அந்தக் கட்டியை வாங்கும் காசு மிச்சம். பக்கத்துக் கடைக் கல்லுப்பே போதும். கஞ்சித் தண்ணீர் ஒரு கோப்பை எடுத்து வையுங்கள். அடுப்பை அணைத்த பிறகு க்ரீமை ஊற்றுங்கள். சீஸ் போடுவதும் மிளகாய்த்தூள் போடுவதும் உங்கள் நாக்கின் உரிமை. ரோமிலிருந்து யாரும் வந்து கேட்கப் போவதில்லை. படத்தைச் சாப்பிட்ட பிறகு எடுங்கள். பாத்திரத்தை அன்றிரவே கழுவுங்கள், சமைத்தவரைத் தவிர வேறு யாராவது.

பாஸ்தா செய்த மாப்பிள்ளைக்குக் கைதட்டுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. மறுநாள் காலை இட்லி ஊற்றுகிறவருக்கும் சேர்த்துத் தட்டுங்கள். அது முடியாதென்றால், ஆறுவதற்குள் அவரும் உட்கார்ந்து சாப்பிட ஒரு நாற்காலியாவது இழுத்துப் போடுங்கள்.